கொலை முயற்சி வழக்கில் தண்டனை ரத்து: மேல்முறையீட்டில் சந்தேகம் எடைபோடப்படும் விதம்

‘கொலை முயற்சி வழக்கில் கீழ் நீதிமன்றம் விதித்த 7 ஆண்டு தண்டனை ரத்து. சந்தேகத்தின் பலனை அளித்து விடுதலை.’ மாவட்டச் செய்திப் பக்கத்தில் இப்படி ஒன்று வரும்போதெல்லாம் ஒரே கேள்விதான் எழுகிறது. வெட்டு விழுந்தது உண்மை. ஆள் வேலூர் அடுக்கம்பாறை அரசு மருத்துவமனையில் நாள்கணக்கில் படுத்திருந்தது உண்மை. சாட்சிகளை நேரில் பார்த்த நீதிபதியே குற்றவாளி என்று சொல்லிவிட்டார். அப்புறம் எப்படி மேலே போனதும் விடுதலை? பணமா, செல்வாக்கா என்பதில் போய்ப் பேச்சு நிற்கிறது.

அந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் மேல் நீதிமன்றம் எந்தச் சந்தேகத்தை ஏற்கிறது, எதைத் தள்ளுகிறது என்பது தெரியாமல் அந்தத் தீர்ப்பு சரியா தவறா என்று யாராலும் சொல்ல முடியாது. தவறான விடுதலைகள் உண்டு. தவறான தண்டனைகளும் உண்டு. இரண்டையும் பிரித்துப் பார்க்க வழி ஒன்றுதான்: வழக்குக் கட்டுக்குள் சந்தேகம் எந்த இடத்தில் விழுகிறது என்று பார்ப்பது.

## பார்ப்பதற்கு ஒரு வழக்கு

கீழே வருவது கற்பனை வழக்கு. அதன் துண்டுகள் எல்லாம் வட ஆற்காட்டு வழக்குக் கட்டுகளில் வழக்கமாக வருபவைதான்.

குடியாத்தத்துக்கும் பேரணாம்பட்டுக்கும் நடுவில் ஒரு கிராமம். பெரியப்பா மகனுக்கும் சித்தப்பா மகனுக்கும் பொதுவாக ஒரு கிணறு. மோட்டார் ஓட்டும் முறை யாருக்கு என்பதில் பங்காளிகளுக்குள் நீண்ட நாள் தகராறு. மும்முனை மின்சாரம் ராத்திரியில் வருகிற வாரம். இரவு 9 மணிவாக்கில் கிணற்று மேட்டில் வாய்ச்சண்டை, பிறகு கைகலப்பு. தம்பி முறைக்காரரான சித்தப்பா மகனுக்கு இடது தோளில் ஒரு வெட்டு, இடது கை விரலில் எலும்பு முறிவு. முதலில் குடியாத்தம் அரசு மருத்துவமனை. அங்கிருந்து அடுக்கம்பாறை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. மறுநாள் காலை 11 மணிக்கு முதல் தகவல் அறிக்கை. அதில் 3 எதிரிகள்: பெரியப்பா மகன், அவருடைய மகன், அவருடைய மைத்துனர். குற்றம் சாட்டப்பட்டவரை நம் நீதிமன்றத் தமிழ் ‘எதிரி’ என்றுதான் சொல்லும்.

சாட்சிகள் 4 பேர். காயம்பட்டவர் அ.சா.1, அதாவது அரசுத் தரப்பு முதல் சாட்சி. அவர் மனைவி அ.சா.2, உடன்பிறந்த தம்பி அ.சா.3. பக்கத்து நிலத்துக்காரர் அ.சா.4, அவர் கூண்டில் ஏறி ‘எனக்கு எதுவும் தெரியாது’ என்று சொல்லிவிட்டார். ஒரு கொடுவாள் சா.பொ.1, சான்றுப் பொருள். விசாரணை நீதிமன்றம் 3 பேருக்கும் 7 ஆண்டு விதித்தது. மேல்முறையீடு வருகிறது.

## கொலை முயற்சி என்று சட்டம் எதைச் சொல்கிறது

2024 ஜூலை 1-க்கு முன் நடந்த சம்பவம் என்றால் இந்திய தண்டனைச் சட்டம் பிரிவு 307. அன்றைக்கோ பிறகோ நடந்தது என்றால் பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 109. எண் மாறியது, சாரம் மாறவில்லை. ஒரு செயலால் சாவு நேர்ந்திருந்தால் அது கொலை ஆகியிருக்கும் என்ற அளவுக்கு எண்ணமோ அறிவோ வைத்து அந்தச் செயலைச் செய்வதுதான் இந்தக் குற்றம். 10 ஆண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. காயம் ஏற்பட்டிருந்தால் ஆயுள் தண்டனை வரை போகலாம்.

சட்டப் பிரிவே ஓர் உதாரணம் தருகிறது. ஒருவரைக் கொல்லும் எண்ணத்தோடு துப்பாக்கி வாங்கித் தோட்டா நிரப்பினால் இந்தக் குற்றம் இன்னும் ஆகவில்லை. அவரைப் பார்த்துச் சுட்டால் ஆகிவிட்டது. அதனால் காயத்தின் அளவு மட்டும் முடிவு செய்யாது. உயிருக்கு ஆபத்தான காயம் இருந்தே ஆக வேண்டும் என்பதில்லை என்று உச்ச நீதிமன்றம் 1983-ல் பல்ராம் பாமா பாட்டீல் வழக்கில் சொன்னது. மறுபக்கம், பெரிய காயம் இருப்பதாலேயே அது கொலை முயற்சி ஆகிவிடாது.

எண்ணத்தை யாரும் கண்ணால் பார்க்க முடியாது. என்ன ஆயுதம், உடம்பில் எந்த இடம், எத்தனை அடி, எவ்வளவு வேகம், திரும்ப வெட்ட வாய்ப்பு இருந்தும் நிறுத்தினாரா, ஆயுதத்தோடு வந்தாரா இல்லை சண்டையில் கைக்குக் கிடைத்ததை எடுத்தாரா என்பவற்றிலிருந்துதான் ஊகிக்க வேண்டும். சொன்ன வார்த்தையும் ஒரு தடயம். ஆனால் அடிதடிப் புகார்களைப் புரட்டினால் ‘உன்னைக் கொல்லாமல் விடமாட்டேன் என்று கூறி’ என்ற வரி திரும்பத் திரும்ப வரும். எழுதுகிறவர் கைக்குப் பழகிப்போன வரி அது. அதை மட்டும் நம்பி 307 நிற்காது, நிற்கவும் கூடாது.

இங்கே இரண்டு தனிக் கேள்விகள் இருக்கின்றன.

1. செய்தது யார்?
2. என்ன எண்ணத்தில் செய்தார்?

முதல் கேள்வியில் நியாயமான சந்தேகம் வந்தால் விடுதலை. இரண்டாவதில் வந்தால் ஆள் வெளியே வர மாட்டார், குற்றம் சிறிதாகும். ஆபத்தான ஆயுதத்தால் காயப்படுத்தியதற்கு 324, கொடுங்காயம் என்றால் 326. புதிய சட்டத்தில் இவை 118-ன் இரண்டு உட்பிரிவுகள். எலும்பு முறிவு கொடுங்காயத்தில் சேரும். செய்தியில் ‘தண்டனை ரத்து’ என்று வருவதில் சில, உண்மையில் 307 மட்டும் ரத்தாகி 326 நிற்கும் தீர்ப்புகள்.

## மேல்முறையீடு எங்கே போகும்

அமர்வு நீதிபதியோ கூடுதல் அமர்வு நீதிபதியோ தண்டித்திருந்தால் உயர் நீதிமன்றம். 60 நாள் கெடு. வேலூர் மாவட்டத்துக்கு அது சென்னை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் சார்பு நீதிபதி, உதவி அமர்வு நீதிபதியாக இருந்து 307 வழக்குகளை விசாரித்ததுண்டு. அவர் 7 ஆண்டோ அதற்குக் குறைவாகவோ விதித்திருந்தால் மேல்முறையீடு அமர்வு நீதிமன்றத்துக்கு, வேலூரில் என்றால் சத்துவாச்சாரிக்கு, 30 நாளில் போகும். அங்கேயும் தோற்றால் இரண்டாவது மேல்முறையீடு கிடையாது. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு மட்டும்தான். சீராய்வில் சாட்சியத்தை முழுதாகத் திரும்ப எடைபோட மாட்டார்கள். ஆகவே முதல் மேல்முறையீடுதான் சந்தேகத்தை முழுசாகப் பேச முடிகிற கடைசி இடம்.

2019-ல் வேலூர் மூன்று மாவட்டமாகப் பிரிந்தது. சம்பவத்தின்போது வேலூர் மாவட்டமாக இருந்த ஆம்பூரும் வாணியம்பாடியும் இன்று திருப்பத்தூரில் இருக்கின்றன. பழைய கட்டுகளைத் தேடும் குடும்பங்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

மேல்முறையீடு போட்டதும் தண்டனை தானாக நிற்காது. தண்டனையை நிறுத்திவைக்கத் தனி மனு வேண்டும். அது கிடைக்கும் வரை தொரப்பாடி மத்தியச் சிறையில்தான். வக்கீல் வைக்க வசதி இல்லாதவர், சிறைக் கண்காணிப்பாளர் வழியாகவே மேல்முறையீட்டு மனு அனுப்பலாம். சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் தரும். தண்டிக்கப்பட்டவர் தானே போட்ட மேல்முறையீட்டில் தண்டனையைக் கூட்ட முடியாது. கூடிவிடுமோ என்ற பயத்தில் மேல்முறையீடு செய்யாமல் விடத் தேவையில்லை.

## காகிதத்திலிருந்து உண்மையைத் தேடுவது

மேல்முறையீட்டு நீதிமன்றம் கீழ்த் தீர்ப்பைப் படித்து ‘சரிதான்’ என்று கையெழுத்துப் போடுவதில்லை; போடக் கூடாது. சாட்சியம் முழுவதையும் தானே மறுபடி எடைபோட்டு, தனக்கே குற்றம் நிரூபணமானதாகப் படுகிறதா என்று பார்க்க வேண்டியது அதன் கடமை என்று 2000-ல் பதம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வக்கீல் வரவில்லை என்ற ஒரே காரணத்துக்காகத் தள்ளுபடி செய்யக் கூடாது, கட்டைப் படித்துத் தகுதியின் மேல்தான் தீர்க்க வேண்டும் என்று 1996-ல் பானி சிங் வழக்கு சொன்னது.

ஆனால் மேல் நீதிபதி சாட்சியைப் பார்ப்பதில்லை. கேள்வி விழுந்தபோது அ.சா.1 தடுமாறினாரா, யோசித்தாரா, அழுதாரா என்பது காகிதத்தில் இருக்காது. ஆகவே சாட்சி நின்று பேசிய விதத்தை நம்பிக் கீழ் நீதிபதி ஒரு முடிவுக்கு வந்திருந்தால் மேல் நீதிமன்றம் அதை லேசில் தொடுவதில்லை. காகிதத்துக்கும் காகிதத்துக்கும் நடுவில் உள்ள முரண் வேறு வகை. மருத்துவமனைப் பதிவேடு ஒன்று சொல்லி, முதல் தகவல் அறிக்கை இன்னொன்று சொன்னால், அதை எடைபோட இரண்டு நீதிபதிகளுக்கும் ஒரே அளவு வசதிதான். மேல்முறையீட்டில் ஜெயிக்கிற சந்தேகங்கள் பெரும்பாலும் இந்த இரண்டாம் வகை.

மொழியும் ஒரு சிக்கல். கீழ் நீதிமன்றத்தில் சாட்சியம் தமிழில் பதிவாகிறது. உயர் நீதிமன்றத்தில் வாதம் ஆங்கிலத்தில் நடக்கிறது. ‘கத்தி’ என்று எங்கள் பக்கத்தில் சொன்னால் அது காய் நறுக்குவதாகவும் இருக்கலாம், தேங்காய் வெட்டும் கொடுவாளாகவும் இருக்கலாம். சாட்சி ஒரு பொருளில் சொன்ன சொல் மொழிபெயர்ப்பில் வேறு ஆயுதமாகி, அதுவே முரண்பாடு என்று வாதமாவதும் உண்டு. அப்படிப்பட்ட இடத்தில் தமிழ் மூலத்தைத் திறந்து பார்க்கச் சொல்ல வேண்டியது வக்கீலின் வேலை.

## எது நியாயமான சந்தேகம்

மனசுக்குத் தோன்றுவதெல்லாம் சந்தேகம் ஆகாது. கட்டில் உள்ள ஏதோ ஒன்றைக் காட்டி ‘இதனால்’ என்று சொல்ல முடிய வேண்டும். ஒரே சாட்சியத்திலிருந்து இரண்டு முடிவுகள் நியாயமாக வர முடியும் என்றால் எதிரிக்குச் சாதகமானதை ஏற்க வேண்டும் என்பது 1973-ல் காளி ராம் வழக்கு. அதே 1973-ல் சிவாஜி சாகேப்ராவ் போப்டே வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர் மறுபக்கத்தையும் சொன்னார்: குற்றவாளியை விடுவிப்பதாலும் நீதி தவறுகிறது, நிரபராதியைத் தண்டிப்பதாலும் நீதி தவறுகிறது. ‘செய்திருக்கலாம்’ என்பதற்கும் ‘செய்தே இருக்க வேண்டும்’ என்பதற்கும் இடையே நீண்ட தூரம் இருக்கிறது என்பதும் அந்தத் தீர்ப்பிலிருந்து வந்ததுதான்.

சாட்சிகளை எடைபோடுவதற்கான அடிப்படை, மெட்ராஸ் மாநிலத்திலிருந்து போன வடிவேலு தேவர் வழக்கில் 1957-ல் அமைந்தது. சாட்சிகள் மூன்று வகை: முழுக்க நம்பத்தக்கவர், முழுக்க நம்பத்தகாதவர், இரண்டுக்கும் நடுவில் இருப்பவர். முதல் வகையில் ஒருவர் போதும். எத்தனை பேர் என்று எண்ண வேண்டியதில்லை. இரண்டாம் வகையில் ஒன்பது பேர் வந்தாலும் பயனில்லை. மூன்றாம் வகைக்குத்தான் வெளியிலிருந்து ஆதரவு தேட வேண்டும். நடைமுறையில் நம் வழக்குகளின் சாட்சிகளில் பெரும்பாலோர் இந்த மூன்றாம் வகை. அங்கேதான் உழைப்பு தேவைப்படுகிறது.

## கிணற்று மேட்டு வழக்கில் சந்தேகங்கள்

1. விபத்துப் பதிவேடு. காயத்தோடு வருகிறவரைப் பார்த்ததும் பணியில் இருக்கும் மருத்துவர் ஒரு பதிவு எழுதுகிறார்: வந்த நேரம், யார் கூட்டி வந்தார், நினைவு இருந்ததா, காயம் எப்படி ஏற்பட்டதாகச் சொல்கிறார், எங்கெங்கே என்ன அளவில் காயம். இதைத்தான் ஏ.ஆர். காப்பி என்கிறார்கள். கொலை முயற்சி வழக்கின் கட்டில் என்னைக் கேட்டால் முதலில் படிக்க வேண்டிய தாள் இதுதான். போலீஸ் வருவதற்கு முன், வக்கீல் வருவதற்கு முன், ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசுவதற்கு முன் வாயிலிருந்து வந்தது இதில் ஒரு வரியாக நிற்கிறது.

நம் வழக்கில் குடியாத்தம் பதிவேட்டில் இரவு 10.20-க்கு ‘தெரிந்த ஒரு நபர், கத்தியால், கிணற்றருகில், இரவு 9 மணி’ என்று இருக்கிறது. கூட்டி வந்தவர் மனைவி. நினைவு இருந்தது என்றும் எழுதியிருக்கிறது. அடுக்கம்பாறைப் பதிவேட்டில் நள்ளிரவுக்கு மேல் ‘தெரிந்த 3 நபர்கள்’ என்று இருக்கிறது. ஒன்று மூன்றாகியிருக்கிறது.

இதற்கு அரசுத் தரப்பு சொல்லும் பதில் நியாயமானதே: மருத்துவரின் வேலை உயிரைக் காப்பது, எத்தனை பேர் என்று விசாரிப்பது அவர் வேலை இல்லை, வலியில் இருப்பவர் வெட்டியவரைப் பற்றி மட்டும் சொல்லியிருக்கலாம். நீதிமன்றங்களும் இதைப் பலமுறை ஏற்றிருக்கின்றன. பதிவேட்டில் பெயர் இல்லை என்பதால் மட்டும் வழக்கு விழாது. ஆனால் ‘ஒரு நபர்’ என்று ஒரு எண் தெளிவாக எழுதப்பட்டு, மற்ற இருவர் மேல் வேறு ஆதாரமும் இல்லை என்றால், அந்த வரி அந்த இருவருக்கு மிகப் பெரிய கேடயம். முதல் எதிரிக்கு அந்த வரியால் ஒரு பயனும் இல்லை.

2. முதல் தகவல் அறிக்கையின் நேரம். சம்பவம் இரவு 9, அறிக்கை காலை 11. மருத்துவமனையிலிருந்து போலீசுக்குத் தகவல் எப்போது போனது? வாக்குமூலம் வாங்க யார், எப்போது வந்தார்? இதற்கு விளக்கம் இருந்தால் 14 மணி நேரம் ஒரு பிரச்சினையே இல்லை. உயிருக்குப் போராடுகிறவரின் வீட்டார் முதலில் ஆஸ்பத்திரிக்குத்தான் ஓடுவார்கள். விளக்கமே இல்லை என்றால், அந்த இடைவெளியில் கலந்து பேசிப் பெயர் சேர்த்தார்களா என்ற கேள்வி வரும். தமிழ்நாட்டிலிருந்து போன துலியா காளி வழக்கில், 1972-ல், 20 மணி நேரத்துக்கு மேலான விளக்கமில்லாத தாமதம் விடுதலைக்கு முக்கியக் காரணங்களில் ஒன்றாக இருந்தது.

அறிக்கையின் ஓரத்தில் இன்னொரு நேரம் இருக்கும். காவலர் கொண்டுபோய்க் கொடுத்த அறிக்கையை வாங்கிக்கொண்ட நீதித்துறை நடுவர், தேதியும் மணியும் எழுதிச் சுருக்கொப்பம் போட்டிருப்பார். பேனாவால் எழுதிய அந்தச் சின்ன வரியைத் தட்டச்சுப் பிரதியில் பலர் கவனிப்பதில்லை. காலை 11 மணிக்குப் பதிவான அறிக்கை மறுநாள் மாலைதான் நடுவரிடம் போனது என்றால், 11 மணி என்பதே பிறகு போட்ட நேரமோ என்ற சந்தேகத்துக்குக் காகிதத்திலேயே கால் கிடைத்துவிடும். அன்று மாலையே போயிருந்தால் அந்த வாதம் அங்கேயே முடிந்தது.

3. வெளிச்சம். கிணற்று மேட்டில் ராத்திரி 9 மணிக்கு எப்படிப் பார்த்தார்கள்? சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் பார்வை மகஜரிலும் மாதிரி வரைபடத்திலும் விளக்குக் கம்பம் காட்டப்பட்டிருக்கிறதா? அன்று மின்சாரம் இருந்ததா, நிலவு உண்டா? நாள்காட்டித் தாளைக் காட்டி வாதாடுகிறவர்கள் உண்டு. முன்பின் தெரியாத ஆள் என்றால் இது உயிர்நாடி. பங்காளி என்றால் அப்படியில்லை: சிறு வயதிலிருந்து கூடவே வளர்ந்தவரைக் குரலிலும் நடையிலும் அரை இருட்டிலும் அடையாளம் தெரியும். சண்டை போட்டுக்கொண்டிருந்த ஆளைத் தெரியவில்லை என்று சொன்னால்தான் அதிசயம்.

4. சொந்தக்காரச் சாட்சிகள். மனைவி, தம்பி என்பதால் தள்ளிவிட முடியாது. உண்மையில் வெட்டியவனை விட்டுவிட்டு வேறொருவனைச் சொந்தக்காரர் காட்டிக்கொடுக்க மாட்டார் என்பது 1953-ல் தலீப் சிங் வழக்கு. ஆனால் அதே தீர்ப்பு இன்னொன்றும் சொல்கிறது: பகை இருக்கும் இடத்தில் குற்றவாளியோடு சேர்த்து நிரபராதியையும் இழுத்துவிடும் போக்கு உண்டு. பங்காளிச் சண்டைகளில் அப்பனோடு மகனும் மைத்துனரும் எதிரிப் பட்டியலில் ஏறுவது இப்படித்தான். நம் வழக்கில் இந்த இரண்டு வாக்கியங்களும் ஒரே சமயத்தில் பொருந்துகின்றன. அ.சா.3 சத்தம் கேட்டுப் பிறகுதான் ஓடி வந்தேன் என்று குறுக்கு விசாரணையில் சொல்லியிருந்தால், அவர் வெட்டைப் பார்த்த சாட்சி இல்லை. விழுந்து கிடந்ததைப் பார்த்த சாட்சி மட்டும்.

5. பிறழ் சாட்சி. அ.சா.4 மாறிவிட்டார். அதனால் வழக்கு விழாது. அவர் சொன்னதில் ஒத்துவருகிற பகுதியைப் பயன்படுத்தலாம். சம்பவ இடத்தையாவது ஒப்புக்கொண்டாரா என்று பார்ப்பார்கள். போலீசிடம் முன்பு சொன்னதை மட்டும் வைத்து யாரையும் தண்டிக்க முடியாது.

6. கொடுவாள். ‘ஒப்புதல் வாக்குமூலத்தின் ஏற்கத்தக்க பகுதி’ என்று தீர்ப்புகளில் வரும். போலீஸ் காவலில் சொன்னதில், பொருள் கிடைக்கக் காரணமான சொற்கள் மட்டும் ஏற்கத்தக்கவை. ‘இதால்தான் வெட்டினேன்’ என்பது ஏற்கத்தக்கதில்லை. கிராம நிர்வாக அலுவலரும் உதவியாளரும் சாட்சிக் கையெழுத்துப் போட்டிருப்பார்கள். ஸ்டேஷனுக்கு வரச்சொல்லிக் கையெழுத்து வாங்கினார்கள் என்று அவர்கள் ஒப்புக்கொண்டால் கைப்பற்றியதே ஆட்டம் காணும். வாளில் ரத்தம் இல்லை, அல்லது தடய அறிவியல் அறிக்கையே இல்லை என்றால் அது பலவீனம். ஆனாலும் காயம்பட்டவர் சாட்சியம் உறுதியாக இருந்தால் ஆயுதம் கிடைக்காமலேயே தண்டனை நிற்கும்.

7. எதிரியின் உடம்பில் காயம். அதே இரவு முதல் எதிரியும் தலையில் தையலோடு மருத்துவமனையில் சேர்ந்திருந்தார் என்று வைத்துக்கொள்வோம். அவர் கொடுத்த புகார் எதிர் வழக்காகப் பதிவாகியிருக்கும். எதிரிக்கு ஏற்பட்ட, சாதாரணம் என்று ஒதுக்க முடியாத காயத்தை அரசுத் தரப்பு விளக்காமல் மறைத்தால், சம்பவத்தின் தொடக்கத்தையே மறைக்கிறார்கள் என்று கொள்ளலாம் என்பது 1976-ல் லட்சுமி சிங் வழக்கு. யார் யாரைத் தேடி வந்தார், முதல் அடி யாருடையது என்ற கேள்விகள் இங்கே திறக்கின்றன. எண்ணத்தைப் பற்றிய சந்தேகம் பெரும்பாலும் இந்த வாசல் வழியாகத்தான் நுழைகிறது.

இன்னொரு தடுக்கல், அடிக்கடி தவறவிடப்படுவது: எதிரிக்கு எதிரான ஒவ்வொரு சங்கதியையும் நீதிபதி அவரிடமே கேட்டு விளக்கம் பெற வேண்டும். கேட்காமல் விட்ட சங்கதியை அவருக்கு எதிராகப் பயன்படுத்துவது சிரமம்.

## எண்ணுவதா, இடம் பார்ப்பதா

மேல்முறையீட்டு மனுக்களில் 20, 25 முரண்பாடுகளை வரிசையாக அடுக்கியிருப்பார்கள். சட்டை நீலமா பச்சையா, வந்தது பைக்கா நடந்தா, மாமியார் வீட்டில் இருந்தாரா இல்லையா. எண்ணிக்கையில் ஒன்றும் இல்லை. மூன்று ஆண்டு கழித்துக் கூண்டில் நிற்கிற மனிதருக்குச் சட்டை நிறம் மறப்பது இயல்பு. எல்லாச் சாட்சியும் ஒரே வார்த்தையில் சொன்னால்தான் சொல்லிக்கொடுத்தது என்று யோசிக்க வேண்டும்.

பார்க்க வேண்டியது சந்தேகம் விழும் இடம். ஆள், நேரம், இடம், ஆயுதம், எண்ணம் ஆகிய தூண்களில் எதை அது தொடுகிறது? தொட்ட பிறகு அந்தத் தூணைத் தாங்க வேறு எதுவும் இருக்கிறதா? தனித்தனியே சின்னதாகத் தெரிகிற நான்கு சந்தேகங்கள் ஒரே தூணில் விழுந்தால் அது பெரிய சந்தேகம். நாற்பது சந்தேகங்கள் நாற்பது ஓரங்களில் சிதறினால் வழக்கு அப்படியே நிற்கும்.

சாட்சி ஒரு விஷயத்தில் பொய் சொன்னால் எல்லாமே பொய் என்ற விதியை நம் நீதிமன்றங்கள் ஏற்பதில்லை. நெல்லையும் பதரையும் பிரிக்க வேண்டும் என்றுதான் சொல்கின்றன. பிரிக்கவே முடியாதபடி கலந்திருந்தால் மட்டும் முழுவதையும் தள்ளலாம். இப்படிப் பார்த்தால் நம் வழக்கு ஒரே தீர்ப்பில் மூன்று விதமாகப் பிரிகிறது.

1. மகனும் மைத்துனரும்: முதல் பதிவேட்டில் ‘ஒரு நபர்’, காயம்பட்டவர் உடம்பில் இவர்கள் செய்ததாகக் காட்டத் தனிக் காயம் இல்லை, சொல்கிறவர்கள் சொந்தக்காரர்கள் மட்டும். எல்லாம் ‘ஆள்’ என்ற தூணில் விழுகின்றன. விடுதலை.
2. முதல் எதிரி, ஆள் பற்றிய கேள்வி: காயம்பட்டவர் சொல்கிறார், முதல் பதிவேடு ஒத்துப்போகிறது, பங்காளியை அடையாளம் தெரியாமல் போகாது. சந்தேகம் இல்லை.
3. முதல் எதிரி, எண்ணம் பற்றிய கேள்வி: தோளில் ஒரு வெட்டு, விரல் முறிவு, திடீர்ச் சண்டை, அவருக்கும் காயம், திரும்ப வெட்டவில்லை. 307 சந்தேகத்துக்குரியது; 326 நிற்கும்; தண்டனை குறையும்.

இதே கட்டில் ஒரே ஒரு வரியை மாற்றிப் பாருங்கள். நினைவோடு வந்தவர் குடியாத்தம் பதிவேட்டில் ‘அடையாளம் தெரியாத நபர்கள்’ என்று சொல்லியிருந்தால்? கூடவே அறிக்கை நடுவரிடம் இரண்டு நாள் கழித்துப் போயிருந்தால்? இப்போது முதல் எதிரியின் தூணும் ஆடுகிறது. காயம்பட்டவரின் சாட்சியத்துக்குத் தனி மதிப்பு உண்டு என்பது உண்மை. ஆனால் அந்த மதிப்பு அவர் அங்கே இருந்தார் என்பதற்கு முழு உறுதி தருகிறது; வெட்டியது யார் என்று பிறகு சொன்னதற்கு அதே உறுதியைத் தானாகத் தந்துவிடாது.

## தவறான விடுதலை எங்கே பிறக்கிறது

காயம் உண்மை, ஆளும் அவர்தான், ஆனாலும் விடுதலை ஆகிறது என்றால், அது பெரும்பாலும் சம்பவம் நடந்த முதல் 24 மணி நேரத்தில் முடிவானது. மருத்துவமனைத் தகவல் வந்ததும் போய் வாக்குமூலம் வாங்காதது, ரத்தம் படிந்த சட்டையைக் கைப்பற்றாதது, 108 ஆம்புலன்ஸ் அழைப்பு நேரத்தைக் கேட்டு வாங்காதது, எதிரியின் காயத்தைக் கட்டில் காட்டாமல் விட்டது. புலனாய்வில் குறை இருக்கிறது என்பதால் மட்டும் விடுவிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. ஆனால் வாங்காத தாளை எந்த மேல் நீதிமன்றமும் உண்டாக்க முடியாது. மிக அவசியம் என்றால் கூடுதல் சாட்சியம் எடுக்க அதிகாரம் உண்டு. புலனாய்வின் ஓட்டையை அடைக்க அதைப் பயன்படுத்த விடுவதில்லை.

காயம்பட்டவரின் வீட்டார் செய்கிற தவறும் ஒன்று உண்டு. கோபத்தில் இன்னும் இரண்டு பெயரைச் சேர்ப்பது. அந்த இரண்டு பெயர்தான் பிறகு உண்மையான ஆளுக்கும் சந்தேகத்தின் பலனைத் தேடித் தருகிறது.

## தீர்ப்புக்குப் பிறகு

சந்தேகத்தின் பலனில் விடுதலையானவர் சட்டத்தின் கண்ணில் நிரபராதிதான். திரும்ப அதே குற்றத்துக்கு விசாரிக்க முடியாது. ஆனாலும் அந்த இரண்டு சொற்கள் பின்னாலேயே வரும். தமிழ்நாட்டில் காவலர் பணிக்குத் தேர்வாகிறவர் ஒரு குற்ற வழக்கில் சந்தேகத்தின் பலனிலோ, புகார்தாரர் பிறழ்ந்ததாலோ விடுதலையாகியிருந்தால், அவரைக் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே விதி கருதுகிறது. பங்காளிச் சண்டையில் சும்மா பெயர் சேர்க்கப்பட்ட 20 வயதுப் பையனுக்கு இதன் பாரம் என்ன என்று யோசிக்க வேண்டும். ஆதாரமே இல்லை என்று தெரிகிற இடத்தில் ‘சந்தேகத்தின் பலன்’ என்று எழுதாமல், குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்று நேராக எழுதும்படி வக்கீல் மேல்முறையீட்டிலேயே கேட்க வேண்டும்.

காயம்பட்டவருக்கும் வழி இருக்கிறது. 2009 திருத்தத்துக்குப் பிறகு, எதிரி விடுதலையானாலோ சிறிய குற்றத்துக்கு மட்டும் தண்டிக்கப்பட்டாலோ, அரசு போகாவிட்டாலும் பாதிக்கப்பட்டவர் தானே மேல்முறையீடு செய்யலாம். விசாரணை நீதிமன்றமே விடுவித்திருந்தால் இது நேரடியாகப் பொருந்தும். மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் விடுவித்திருந்தால் சிறப்பு அனுமதி மனுவோடு உச்ச நீதிமன்றம்தான் போக வேண்டும். வழக்கு விடுதலையில் முடிந்தாலும் பாதிக்கப்பட்டவருக்கு மறுவாழ்வு தேவை என்று கண்டால் விசாரணை நீதிமன்றம் இழப்பீட்டுக்குப் பரிந்துரைக்கலாம். தொகையை முடிவு செய்வது மாவட்ட அல்லது மாநிலச் சட்டப் பணிகள் ஆணைக்குழு. அதற்குக் கேட்கப்படுவதும் அதே தாள்கள்தான்: விபத்துப் பதிவேட்டின் நகல், காயச் சான்றிதழ், மருத்துவமனையிலிருந்து அனுப்பியபோது தந்த சீட்டு. விடுதலைத் தீர்ப்பு வந்த அன்று வெறுப்பில் அவற்றைக் கிழித்துப் போட்டுவிட வேண்டாம்.